மேதைப் பிள்ளையின் செலவு யார் தலையில்? யங் ஷெல்டன்: ஒரு நிகழ்வு ஆய்வு

11 வயதுப் பையன் கல்லூரிக்குப் போகிறான் என்றால், அவனால் சமாளிக்க முடியுமா என்றுதான் எல்லோரும் முதலில் கேட்பார்கள். யங் ஷெல்டன் என்ற அமெரிக்கத் தொலைக்காட்சி நகைச்சுவைத் தொடரின் 141 எபிசோடுகளையும் பார்த்து முடித்தபோது அந்தக் கேள்வி எனக்குச் சின்னதாகிவிட்டது. பையன் சமாளித்துவிடுகிறான். அவனைக் கல்லூரிவரை கொண்டுபோய்ச் சேர்த்த அந்த வீடு எப்படிச் சமாளித்தது, அதற்கு யார் எதை விட்டுக்கொடுத்தார்கள் என்பதுதான் இந்தத் தொடர் உண்மையில் பேசும் விஷயம். மேதைப் பிள்ளை என்றதும் நம் கண் பிள்ளையின் மேலேயே நிற்கும். தொடரும் முதல் இரண்டு சீசன்களில் அப்படித்தான் பார்க்கிறது. அப்புறம் மெல்ல அதன் கண் பக்கத்து நாற்காலிகளுக்குத் திரும்புகிறது. அந்தத் திரும்பல் எப்படி நடந்தது, எங்கே பலித்தது, எங்கே தவறியது என்பதை இங்கே பார்க்கலாம்.

தொடர் பிறந்த விதம்

2007-இல் தொடங்கி 2019 வரை 12 சீசன்கள் ஓடிய தி பிக் பேங் தியரி தொடரில் ஷெல்டன் கூப்பர் என்ற இயற்பியலாளராக நடித்தவர் ஜிம் பார்சன்ஸ். டெக்சாஸில் வளரும் தன் சகோதரி மகனின் அபாரமான அறிவு அவரை யோசிக்க வைத்தது. ஷெல்டனின் சிறுவயதைத் தனித் தொடராக எடுக்கலாமே என்று தயாரிப்பாளர் சக் லோரியிடம் சொன்னார். லோரியும் ஸ்டீவன் மொலாரோவும் அதை உருவாக்கினார்கள். முதல் எபிசோடை இயக்கியவர் ஜான் ஃபாவ்ரோ. சிபிஎஸ் தொலைக்காட்சியில் 2017 செப்டம்பர் 25-ஆம் தேதி அது ஒளிபரப்பானபோது 1.7 கோடிப் பேருக்கு மேல் பார்த்தார்கள். 2024 மே 16-ஆம் தேதி ஏழாவது சீசனோடு தொடர் முடிந்தது.

கதை 1989-இல், கிழக்கு டெக்சாஸில் மெட்ஃபோர்டு என்ற கற்பனை ஊரில் தொடங்குகிறது. அப்பா ஜார்ஜ் உயர்நிலைப் பள்ளியில் கால்பந்து பயிற்சியாளர். அங்கே கால்பந்து என்றால் கையில் பிடித்து ஓடும் அமெரிக்கக் கால்பந்து. அம்மா மேரி, பாப்டிஸ்ட் திருச்சபையே உலகம் என்று வாழ்பவள். மூத்தவன் ஜார்ஜி. அடுத்து இரட்டையர்: ஷெல்டன், மிஸ்ஸி. தெருவுக்கு எதிர்ப்பக்கம் அம்மாவைப் பெற்ற பாட்டி, பிள்ளைகளுக்கு மீமா. 9 வயது ஷெல்டன் நேராக உயர்நிலைப் பள்ளிக்குப் போகிறான், அண்ணன் படிக்கிற அதே வகுப்புக்கு. 14 வயது அண்ணனுக்கு அது எப்படிப்பட்ட முதல் நாளாக இருந்திருக்கும் என்று யோசித்துப் பாருங்கள். வீட்டுக் கணக்கின் முதல் வரி அங்கேயே விழுந்துவிடுகிறது.

நடிகர் தேர்வு பற்றி ஒரு வார்த்தை. பழைய தொடரில் மேரியாக வந்தவர் லாரி மெட்காஃப். இதில் இளம் மேரியாக நடிப்பவர் அவருடைய சொந்த மகள் ஸோயி பெர்ரி. அம்மாவின் குரல் ஏற்ற இறக்கம் மகளிடம் அப்படியே இருக்கிறது. அப்பாவாக நடித்த லான்ஸ் பார்பர், பழைய தொடரில் ஷெல்டனின் நண்பன் லெனார்டைப் பள்ளியில் துன்புறுத்திய ஒருவனாக ஓர் எபிசோடில் வந்தவர். அவரையே இவ்வளவு மனம் நெகிழவைக்கும் தகப்பனாக மாற்றியது இந்தத் தொடரின் ஆகப் பெரிய சாதனைகளில் ஒன்று என்பேன்.

சிரிப்பொலியை எடுத்துவிட்ட முடிவு

பழைய தொடர் அரங்கில், பார்வையாளர்கள் முன்னால், பல கேமராக்கள் வைத்து எடுக்கப்பட்டது. ஷெல்டன் யாரையாவது புண்படுத்திப் பேசினால் உடனே கூட்டம் சிரிக்கும். அந்தச் சிரிப்பு காயத்தை மூடிவிடும். யங் ஷெல்டன் ஒற்றைக் கேமராவில், சிரிப்பொலி இல்லாமல் எடுக்கப்பட்டது. தொழில்நுட்பத் தேர்வு போலத் தெரிந்தாலும் கதையையே மாற்றிய முடிவு இது. ஒன்பது வயதுப் பையன் சாப்பாட்டு மேஜையில் பிரார்த்தனைக்குக் கை கோக்கும்போது கிருமிக்குப் பயந்து கையுறை மாட்டிக்கொள்கிறான். கூட்டம் சிரிக்காததால், பக்கத்தில் கை நீட்டியிருக்கும் அப்பாவின் முகத்தைப் பார்க்க நமக்கு நேரம் கிடைக்கிறது. சிரிப்பு வருகிறது, கூடவே, மகன் தோலைத் தொடாமல் பிள்ளை வளர்க்கிற ஒரு மனிதனும் கண்ணில் படுகிறார்.

இன்னொரு கருவி, கதை சொல்லும் குரல். வளர்ந்த ஷெல்டனாக ஜிம் பார்சன்ஸே பேசுகிறார். பையனுக்கு அந்த நேரத்தில் புரியாதது, முப்பது வருடம் கழித்துப் பேசும் மனிதருக்குப் பாதி புரிந்திருக்கிறது. பல இடங்களில் அவருக்கும் புரியவில்லை, பார்க்கிற நமக்குத்தான் புரிகிறது. ஆக ஒரே காட்சியில் மூன்று நிலை அறிவு ஓடுகிறது. அறிவு முந்திக்கொண்டு, உணர்ச்சி பின்தங்கி வருகிற ஒரு பிள்ளையைக் காட்ட இதைவிடப் பொருத்தமான அமைப்பு எனக்குத் தோன்றவில்லை.

மீத்திறன் பிள்ளைகளை, அதாவது வயதை மீறிய அறிவுள்ள பிள்ளைகளைப் பற்றி எழுதுபவர்கள் இதைச் சீரற்ற வளர்ச்சி என்பார்கள். 1991-இல் கொலம்பஸ் குழு என்று அழைக்கப்பட்ட சில பெற்றோரும் கல்வியாளர்களும் மீத்திறனையே இந்த வகையில்தான் வரையறுத்தார்கள்: அறிவு ஒரு வேகத்தில், உடலும் மனமும் வேறு வேகத்தில். முதல் சீசனில் தொண்டையில் காலை உணவு சாசேஜ் சிக்கி மூச்சுத் திணறிய பிறகு ஷெல்டன் திட உணவையே தொட மறுக்கிறான். பள்ளி ஆசிரியர்களை வாயடைக்க வைக்கிற அதே மூளை, ஒரு கவளத்தை விழுங்கினால் செத்துவிடுவோம் என்றும் நம்புகிறது. உளவியலாளரிடம் கூட்டிப் போகிறார்கள். அவனுக்கு அங்கே பெரிதாக ஒன்றும் நடக்கவில்லை. வழியில் ஒரு காமிக்ஸ் புத்தகம்தான் அவனை மீட்கிறது. அறிவைக் கொண்டு பயத்தைத் தீர்க்க முடியாது என்பதை ஒரு வாக்கியம்கூட உபதேசிக்காமல் சொன்ன எபிசோடு அது.

கல்லூரி

கல்லூரி ஒரே நாளில் வரவில்லை. முதலில் மீமா காரில் கூட்டிப்போக, டாக்டர் ஜான் ஸ்டர்ஜிஸ் என்ற பேராசிரியரின் இயற்பியல் வகுப்பில் உட்கார்ந்து கேட்கிறான். ஸ்டர்ஜிஸாக வருபவர் வாலஸ் ஷான். கற்பனைக் கல்லூரியான ஈஸ்ட் டெக்சாஸ் டெக்கில் முறையாகச் சேர்வது நான்காவது சீசனில், 11 வயதில். ஸ்டர்ஜிஸ் ஒருபக்கம், எட் பெக்லி ஜூனியர் நடித்த டாக்டர் லிங்க்லெட்டர் மறுபக்கம் நின்று, பையனுக்கு வழிகாட்டுவது யார் என்று போட்டி போடுகிறார்கள். மாணவர் சேர்க்கைக்கு நல்ல விளம்பரம் கிடைத்தது என்று கல்லூரித் தலைவர் ஹேகமையருக்கும் மகிழ்ச்சி.

பாடம் அவனுக்குக் கஷ்டமே இல்லை. அவனை வீழ்த்துவது எல்லாம் பாடத்துக்கு வெளியே இருந்தோ, பாடத்தின் அடித்தளத்திலிருந்தோ வருகிறது. தத்துவ வகுப்புக்குப் போகிறான். எதையும் உறுதியாக அறிய முடியுமா என்ற கேள்வி அவனைப் பிடித்துக்கொள்கிறது. மற்ற மாணவர்களுக்கு அது தேர்வுக்குப் படிக்கிற ஒரு கேள்வி. இவனுக்குக் காலடித் தரையே போகிறது. இயற்பியல் செய்து என்ன பயன் என்று முடங்குகிறான். பிறகு பொறியியல் வகுப்பில் கண்டிப்பான பேராசிரியர் ஒருவர் அவன் வேலையைத் திரும்பத் திரும்ப நிராகரிக்கிறார். தவறு எங்கே என்று சொல்வதும் இல்லை. வாழ்க்கையில் முதல்முறையாக ஷெல்டன் சராசரி மாணவன் அனுபவிப்பதை அனுபவிக்கிறான். தோற்றுப் பழகாத பிள்ளைக்குத் தோல்வி தாமதமாக வரும்போது அதன் எடை எவ்வளவு என்று அந்த எபிசோடு பொறுமையாகக் காட்டுகிறது.

ஸ்டர்ஜிஸ் பாத்திரத்தை இந்த இடத்தில் விட்டுவிட்டுப் போக முடியாது. அவர் ஷெல்டனின் முதுமை உருவம் போலவே இருக்கிறார்: மென்மையானவர், தனியானவர், உலக வழக்கம் பிடிபடாதவர். இரண்டாவது சீசனின் முடிவில் அவர் மனம் உடைந்து மருத்துவமனையில் சேர்க்கப்படுகிறார். அடுத்த சீசன் தொடங்கும்போது வீட்டில் எல்லோருக்கும் ஒரே பயம், நம் பிள்ளையும் இப்படி ஆகிவிடுவானோ என்று. மகனைக் கொஞ்ச நாள் அறிவியலிலிருந்து ஒதுக்கி வைத்தால் நல்லது என்று மேரி நினைக்கிறாள். பிள்ளையின் வரமே பிள்ளையை உடைக்குமோ என்று ஒரு தாய் பயப்படுவதை நகைச்சுவைத் தொடர் ஒன்று இத்தனை நேராகத் தொட்டது எனக்கு ஆச்சரியம்.

பெய்ஜ் என்ற இன்னொரு வழக்கு

ஓர் ஆய்வில் ஒப்பிட இன்னொரு நபர் வேண்டும் அல்லவா? தொடரே அதைக் கொடுக்கிறது. மெக்கென்னா கிரேஸ் நடித்த பெய்ஜ் ஸ்வான்சன் இரண்டாவது சீசனில் வருகிறாள். ஷெல்டன் வயதுதான். அறிவில் அவனுக்குச் சமம், பல நேரம் ஒரு படி மேல். கூடவே, மனிதர்களோடு பழகவும் தெரியும். காகிதத்தில் பார்த்தால் வெல்ல வேண்டியவள் அவள்தான்.

ஆனால் பெய்ஜின் பெற்றோர் பிரிகிறார்கள். தன்னுடைய திறமைக்காக வீடு வளைந்து வளைந்து உடைந்தது என்ற எண்ணம் அவளுக்குள் தங்கிவிடுகிறது. கல்லூரியில் அவள் படிப்பை விட்டு விலகிக்கொண்டே போகிறாள். விருந்துகள், பொய்கள், யாரிடமும் சொல்லாத கோபம். ஆறாவது சீசனில் மிஸ்ஸி அப்பாவின் வண்டியை எடுத்துக்கொண்டு ஓடிப்போகும்போது, கூட ஏறிக்கொள்வது பெய்ஜ். மேதையின் தங்கையும் இன்னொரு மேதையும் ஒரே வண்டியில் தப்பிப் போவது தற்செயலான காட்சி இல்லை என்று நினைக்கிறேன். ஒருத்தி யாரும் தன்னைப் பார்க்கவில்லை என்று ஓடுகிறாள். இன்னொருத்தி எல்லோரும் தன்னையே பார்த்ததால் ஓடுகிறாள்.

ஷெல்டனும் பெய்ஜும் ஒரே அறிவு, ஒரே கல்லூரி வயது. வேறுபாடு வீட்டில் இருக்கிறது. ஷெல்டனின் வீடு சண்டை போட்டது, கத்தியது, பணத்துக்குத் திண்டாடியது, ஆனாலும் இரவு உணவுக்கு ஒரே மேஜையில் உட்கார்ந்தது.

நிஜ உலகச் சான்றும் இதற்கு அதிக தூரத்தில் இல்லை. 1909-இல் 11 வயதில் ஹார்வர்டில் சேர்ந்தவர் வில்லியம் ஜேம்ஸ் சிடிஸ். அடுத்த ஆண்டே நான்கு பரிமாணப் பொருள்களைப் பற்றிக் கணித அறிஞர்கள் முன் உரை நிகழ்த்தினார். பத்திரிகைகள் விடாமல் துரத்தின. பெரியவர் ஆனதும் சின்னச் சின்ன எழுத்தர் வேலைகளில் ஒளிந்துகொண்டார். 1944-இல் 46 வயதில் இறந்தார். மேதைப் பிள்ளைகளைக் கல்லூரிக்கு அனுப்பக் கூடாது என்பதற்கு அவர் பெயரைத்தான் காலமெல்லாம் சொல்லி வந்தார்கள். ஆனால் ஒரு மனிதரின் சோகம் எல்லோருக்குமான விதி ஆகாது. ஜான்ஸ் ஹாப்கின்ஸ் பல்கலைக்கழகத்தில் ஜூலியன் ஸ்டான்லி 1971-இல் தொடங்கிய நீண்டகால ஆய்வில், கணிதத்தில் சிறந்த பிள்ளைகளைப் பல பத்தாண்டுகள் தொடர்ந்து கவனித்தார்கள். வகுப்புத் தாண்டிப் படித்ததால் மட்டும் அவர்களுடைய மனநலம் பிற்காலத்தில் கெட்டுப்போனது என்பதற்கு 35 ஆண்டுத் தரவுகளில் ஆதாரம் கிடைக்கவில்லை. வாஷிங்டன் பல்கலைக்கழகம் 1977 முதல் நடத்தும் திட்டத்தில் இளம் மாணவர்களைக் குழுவாகவே சேர்க்கிறார்கள். அந்த வயதில் பேச, விளையாட, சண்டை போட ஒத்த வயதுக்காரர்கள் கூடவே இருப்பார்கள். ஷெல்டனுக்கு இல்லாமல் போனது அதுதான். அவனுக்கு வாய்த்த ஒரே ஒத்த உயிர் எழுபதைத் தொட்ட ஒரு பேராசிரியர்.

செலவுக் கணக்கு

இனி பக்கத்து நாற்காலிகள். ஐந்தாவது சீசனில் ஒரே வீட்டில் 12 வயதை நெருங்கும் தம்பி கல்லூரியில் இருக்க, 17 வயது அண்ணன் பள்ளியை விட்டு நிற்கிறான். இரண்டையும் தொடர் ஒரே காலத்தில் ஓட விட்டது எழுத்தாளர்களின் துணிச்சல். ஜார்ஜி முட்டாள் இல்லை. டயர் கடையில் வேலை பார்த்து, வியாபாரம் எப்படி நடக்கிறது என்று கற்றுக்கொண்டவன். மீமாவின் சலவைக் கடையிலும், அதன் பின்னால் ரகசியமாக நடக்கும் சூதாட்ட அறையிலும் கணக்குப் பார்த்தவன். ஆனால் அந்த வீட்டில் அறிவு என்பதற்கு ஒரே ஒரு அளவுகோல் இருந்தது, அது தம்பியின் அளவுகோல். அதில் அவன் எப்போதும் குறைவாகவே நின்றான். வயதைக் கூட்டிச் சொல்லி மேண்டி என்ற பெண்ணோடு பழகி, அவள் கர்ப்பமானபோது, தப்பித்து ஓடாமல் பொறுப்பேற்க முன்வந்ததும் அவன்தான். மான்டனா ஜோர்டன் முதல் சீசனில் வெறும் நகைச்சுவைக்கு நின்ற பாத்திரத்தைக் கடைசியில் வீட்டின் தூணாக நிறுத்திக் காட்டினார்.

மிஸ்ஸியின் கணக்கு இன்னும் வலிக்கிறது. மனிதர்களைப் படிப்பதில் அந்த வீட்டின் மேதை அவள்தான். யார் பொய் சொல்கிறார்கள், யார் அழப் போகிறார்கள் என்று முதலில் கண்டுபிடிப்பவள். ஷெல்டனுக்குப் புரியாத முகங்களையெல்லாம் அவனுக்கு மொழிபெயர்த்துச் சொன்னவள். அந்தத் திறமைக்கு யாரும் சிறப்புப் பள்ளி தேடவில்லை, பேராசிரியர்கள் போட்டி போடவில்லை. பையன்களின் பேஸ்பால் அணியில் பந்து வீசியபோது அப்பா அவளைப் பார்த்த பார்வை ஒன்றுதான் அவளுக்குக் கிடைத்த பரிசு. அப்பாவும் மகளும் நெருங்கியது அங்கேதான். ரேகன் ரெவர்டு இந்த ஏழு ஆண்டுகளில் செய்ததற்கு உரிய பாராட்டு கிடைக்கவில்லை என்பது என் உறுதியான எண்ணம்.

மேரி மகனுக்காக எல்லா வேலையும் செய்தாள். அதில் மற்ற இருவருக்கும் போகவேண்டியதும் சேர்ந்து போனது. ஜார்ஜ்? முதல் சீசனில் ஷெல்டனை டல்லாஸில் மீத்திறன் மாணவர் பள்ளிக்கு அனுப்பிவைத்துவிட்டு, வீடு வெறிச்சென்று ஆனதும் போய்த் திரும்பக் கூட்டி வந்த அப்பா அவர். மகனின் இயற்பியல் அவருக்குப் புரியாது. மகனுக்கு அவருடைய கால்பந்து புரியாது. புரியாத ஒன்றுக்காக இத்தனை மைல் வண்டி ஓட்டிய மனிதர் என்பதுதான் எனக்கு அவர்.

இந்தக் கணக்கு பழைய தொடரிலேயே ஒருமுறை வெளிப்பட்டிருக்கிறது. 2018-இல் ஷெல்டன் தன் திருமணத்துக்கு அண்ணனை அழைக்கப் போகிறார். ஜெர்ரி ஓ'கானல் நடித்த பெரிய ஜார்ஜி அப்போது உடைத்துச் சொல்கிறார்: அப்பா போன பிறகு நீ படிக்கப் போய்விட்டாய், அம்மாவையும் தங்கையையும் பார்த்துக்கொண்டது நான், உனக்கு அது தெரியவே கூடாது என்று வைத்திருந்தோம். ஷெல்டன் முதல்முறையாக மன்னிப்புக் கேட்கிறார். யங் ஷெல்டனின் கடைசி மூன்று சீசன்களும் அந்த ஒரு காட்சிக்கு எழுதப்பட்ட நீண்ட விளக்கம்தான் என்று எனக்குப் படுகிறது.

தாமதமாக வந்த துக்கம்

2019 மே 16-ஆம் தேதி பழைய தொடர் முடிந்த அன்றே இந்தத் தொடரின் இரண்டாவது சீசனும் முடிந்தது. நோபல் பரிசு அறிவிப்பை வானொலியில் சேர்ந்து கேட்கலாம் என்று ஷெல்டன் விடியற்காலையில் பள்ளியில் எல்லோரையும் அழைக்கிறான். ஒருவரும் வரவில்லை. வாழ்நாள் முழுக்கத் தனியாகத்தான் இருப்போமோ என்று அவன் கலங்கும்போது, கேமரா வேறு வேறு ஊர்களுக்குப் போய், பிற்காலத்தில் அவனுக்கு நண்பர்களாகப் போகும் குழந்தைகளைக் காட்டுகிறது. அதே நாளில் மற்றத் தொடரில் பெரிய ஷெல்டன் நோபல் பரிசை வாங்குகிறார். உணர்ச்சியைக் கையாள்வதில் இந்தத் தொடர் தொட்ட முதல் உயரம் அது.

இரண்டாவது உயரம் ஏழாவது சீசன். ஹாலிவுட் வேலைநிறுத்தங்களால் தள்ளிப்போய், 14 எபிசோடுகளாகச் சுருங்கி 2024 பிப்ரவரியில்தான் அது தொடங்கியது. ஷெல்டனுக்கு 14 வயதாகும்போது அப்பா இறந்துவிடுவார் என்பது பழைய தொடரைப் பார்த்த எல்லோருக்கும் தெரியும். தொடரின் மூன்றாவது எபிசோடிலேயே, 2017-இல், ஜார்ஜுக்கு ஒரு சிறிய மாரடைப்பு வந்து போனது. மருத்துவமனைச் சிற்றாலயத்தில் கடவுள் நம்பிக்கையில்லாத பையன் உட்கார்ந்து அப்பாவுக்காகப் பிரார்த்தித்தான். ஆகவே ஒன்றும் மறைக்கப்படவில்லை. தெரிந்த மரணத்தை எப்படிக் காட்டுவது என்பதுதான் எழுத்தாளர்கள் முன் இருந்த சவால்.

அவர்கள் மரணத்தைக் காட்டவே இல்லை. ஜார்ஜுக்கு ஹூஸ்டனில் ரைஸ் பல்கலைக்கழகத்திலிருந்து நல்ல வேலைக்கு அழைப்பு வருகிறது. வீடு சந்தோஷமாக இருக்கிறது. ஒரு நாள் காலையில் வழக்கம்போலச் சொல்லிக்கொண்டு வேலைக்குக் கிளம்புகிறார். அன்று குடும்பப் படம் எடுப்பதாக ஏற்பாடு. எல்லோரும் நல்ல உடை போட்டு அவருக்காகக் காத்திருக்கிறார்கள். கதவு தட்டப்படுகிறது, வந்து நிற்பவர்கள் அவருடைய பள்ளிக்காரர்கள். மாரடைப்பு. இருபது நிமிட நகைச்சுவை எபிசோடு அந்த இடத்தில் முடிகிறது.

அடுத்த எபிசோடில் எல்லோரும் அழுகிறார்கள், கோபப்படுகிறார்கள், ஒருவர் மேல் ஒருவர் எரிந்து விழுகிறார்கள். ஷெல்டன் அழவில்லை. சோபாவில் உட்கார்ந்து, அப்பா வீட்டைவிட்டுக் கிளம்பிய அந்தச் சில விநாடிகளைத் திரும்பத் திரும்ப மனதில் ஓட்டிப் பார்க்கிறான். நிஜத்தில் அவன் தலை நிமிரவே இல்லை. இப்போது கற்பனையில் ஒருமுறை பதில் சொல்லிப் பார்க்கிறான், இன்னொருமுறை வேறொன்று சொல்லிப் பார்க்கிறான். ஒரு விஞ்ஞானி சோதனையைத் திரும்பச் செய்வது போலவே அதைச் செய்கிறான். அவனுக்குத் தெரிந்த ஒரே வழி அது. அறிவைக் கொண்டு துக்கத்தைத் தீர்க்கப் பார்க்கும் பிள்ளையை இதைவிட நேர்மையாக எழுத முடியாது. ஷெல்டனாக நடித்த இயன் ஆர்மிடேஜ் எட்டு வயதில் இந்தப் பாத்திரத்துக்கு வந்து, பதினைந்து வயதில் இந்தக் காட்சியைச் செய்தார். முகத்தில் பெரிதாக எதுவும் அசையவில்லை. அந்த அசைவின்மையைச் சில பேர் உணர்ச்சியின்மை என்று படித்தார்கள். எனக்கு அந்த வீட்டிலேயே அதிகமாகத் துக்கப்பட்டவன் அவன்தான் என்று பட்டது.

கடைசி எபிசோடில், நம்பிக்கையே இல்லாத ஷெல்டன் அம்மாவின் மனசுக்காக ஞானஸ்நானம் பெறுகிறான். எல்லாவற்றுக்கும் காரணம் கேட்டவன், முதல்முறையாகக் காரணமில்லாமல் ஒன்றைச் செய்கிறான். கல்லூரியில் எந்த வகுப்பிலும் அவன் இதைக் கற்கவில்லை.

எங்கே தவறியது

பழைய தொடரில் ஜார்ஜ் குடிகாரர், மனைவிக்குத் துரோகம் செய்தவர். 13 வயதில் அப்பாவை வேறொரு பெண்ணோடு பார்த்ததால்தான் கதவை மூன்று முறை தட்டும் பழக்கம் வந்தது என்று பெரிய ஷெல்டனே சொல்லியிருக்கிறார். ஆனால் இந்தத் தொடர் ஜார்ஜை நல்லவராக வளர்த்துவிட்டது. எனவே ஏழாவது சீசனில் அந்தப் பெண், பொன்னிற விக் வைத்துக்கொண்ட மேரியேதான் என்று முடிச்சு அவிழ்க்கப்பட்டது. பலருக்கு இது நிம்மதி. எனக்கு அது குறைபாடு. ஜார்ஜுக்கும் பக்கத்து வீட்டு பிரெண்டாவுக்கும் இடையில் ஓர் ஈர்ப்பை எழுத்தாளர்கள் ஏற்கெனவே நுட்பமாக எழுதியிருந்தார்கள். பிள்ளையின் அறிவைச் சுற்றியே சுழன்ற ஒரு வீட்டில் கணவனும் மனைவியும் ஒருவரையொருவர் எப்படித் தவறவிட்டார்கள் என்ற கதை அதில் இருந்தது. விக் அதைத் துடைத்துவிட்டது.

லிங்க்லெட்டர் பாத்திரமும் வீணானது. ஒரு குழந்தையால் தன் தொழில் மதிப்பு கரைவதைப் பார்க்கும் மூத்த பேராசிரியரின் மனம் ஆழமான விஷயம். பெரும்பாலும் அவரை எரிச்சலின் உருவமாகவே வைத்துவிட்டார்கள்.

ஷெல்டனின் தன்மைக்குத் தொடர் எந்த மருத்துவப் பெயரும் சூட்டவில்லை. இதைக் குறை என்பவர்கள் உண்டு. 1989-இல் டெக்சாஸின் சிறிய ஊரில் அப்படி ஒரு பெயர் அந்த வீட்டுக்குக் கிடைத்திருக்காது என்பதால், கதைக்குள் அது சரிதான். பெயர் இல்லாததால் அவர்கள் அவனை அவனாகவே எதிர்கொண்டார்கள். பெயர் இல்லாததாலேயே உதவியும் கிடைக்கவில்லை. இரண்டையும் தொடர் காட்டுகிறது.

இறுதி எபிசோடில் ஜிம் பார்சன்ஸும், மனைவி ஏமியாக மயிம் பியாலிக்கும் நேரில் வருகிறார்கள். இதுவரை நாம் கேட்டதெல்லாம் ஷெல்டன் எழுதிக்கொண்டிருந்த நினைவுக்குறிப்பு என்று தெரிகிறது. பழைய தொடரில் மோசமாகச் சொல்லப்பட்ட அப்பா இங்கே ஏன் நல்லவராக இருக்கிறார் என்பதற்கும் விளக்கம் கிடைக்கிறது: சொல்கிறவர் இப்போது தானே ஓர் அப்பா. மகனின் ஹாக்கி ஆட்டத்துக்குப் போக வேண்டும் என்று ஏமி அவரை விரட்டுகிறார். விளையாட்டு மைதானத்தை வெறுத்த மகனுக்கு விளையாட்டுப் பிள்ளை. இந்த வடிவமைப்பு எனக்குப் பிடித்தது, ஆனால் ஒரு கேள்வியை விட்டுவிட்டது. நினைவுக்குறிப்பு எழுதுகிறவர் ஷெல்டன் என்றால், மிஸ்ஸி தனியாக அழுத காட்சிகளை அவர் எப்படி அறிந்தார்? யாரோ அவரிடம் சொல்லியிருக்க வேண்டும். அந்த அக்கறையான உரையாடல், பெரியவர்களான அண்ணன் தங்கைகள் உட்கார்ந்து வீட்டுக் கணக்கைப் பேசிய அந்த மாலை, எழுதப்படவே இல்லை.

ஜார்ஜிக்குத் தனித் தொடர் கிடைத்தது. 2024 அக்டோபர் 17-இல் ஜார்ஜி அண்ட் மேண்டீஸ் ஃபர்ஸ்ட் மேரேஜ் தொடங்கியது, மறுபடியும் பல கேமராக்களோடும் சிரிப்பொலியோடும். அண்ணன் சுமந்த பாரம் அதில் கொஞ்சம் கொஞ்சமாகப் பேசப்படுகிறது. மிஸ்ஸி அதிலும் விருந்தாளியாகத்தான் வந்து போகிறாள். அவளை நடுவில் வைத்து, அவள் குரலிலேயே, இந்தக் கதையை முதலிலிருந்து சொல்லும் ஒரு தொடரை யாராவது எடுத்தால், நான் முதல் எபிசோடிலிருந்தே பார்ப்பேன்.